மெசியே பட்டியலின் கேலக்ஸிகள்: கண்டுபிடித்த வரிசையிலேயே தேடிப் பார்க்கலாம்

வானம் பார்க்கத் தொடங்கும் எல்லாரும் என்றாவது ஒருநாள், 18-ஆம் நூற்றாண்டு வானியலாளர் மெசியே போட்ட பட்டியலைக் கையில் எடுப்பார்கள். மொத்தம் 110 பொருள்கள். அவற்றில் 40 கேலக்ஸிகள், அதாவது நம் பால்வீதிக்கு வெளியே இருக்கும் விண்மீன் திரள்கள். பலர் எம்1, எம்2 என்று எண் வரிசையில் ஆரம்பித்துப் பாதியில் அலுத்துப்போய் விட்டுவிடுகிறார்கள். அந்த எண்கள் மெசியே தன் குறிப்பில் ஏற்றிய வரிசை, அவ்வளவுதான். எம்83 அவருடைய நோட்டில் ஏறியது 1781-ல். ஆனால் வேறொருவர் அதை 1752-லேயே பார்த்துவிட்டார்.

என் யோசனை இதுதான்: கேலக்ஸிகளை, யாரோ ஒருவர் கண்ணில் அவை முதலில் பட்ட வரிசையில் தேடுங்கள். எளிதாகத் தெரிவது முதலில் அகப்பட்டிருக்கும், மங்கலானது கடைசியில்தான் சிக்கியிருக்கும். ஆகவே வரலாற்று வரிசையே ஏறக்குறைய பயிற்சி வரிசையாகவும் அமைந்துவிடுகிறது. பருவ மாதம் குறுக்கிடும் இடங்களில் மட்டும் கொஞ்சம் முன்பின்னாக மாற்றிக்கொள்ளலாம்.

ஒன்றை முதலிலேயே தெரிந்துகொள்ளுங்கள். பாரிஸில் இருந்த சார்லஸ் மெசியேவுக்குக் கேலக்ஸி என்றால் என்னவென்றே தெரியாது. அவர் தேடியது வால்மீன்களை. வால்மீன் மாதிரியே மங்கலாகத் தெரிந்து, ஆனால் நகராமல் ஏமாற்றும் பொருள்களை ஒதுக்கிவைக்கத்தான் பட்டியல் போட்டார். 1774-ல் 45, கடைசியாக 1781-ல் 103. மிச்சம் 7 எண்களைப் பின்னால் வந்தவர்கள் அவருடைய, அவர் நண்பர் மெஷானுடைய குறிப்புகளைப் பார்த்து 20-ஆம் நூற்றாண்டில் சேர்த்தார்கள். அவர் அதிகம் பயன்படுத்திய கருவிகளில் ஒன்று சுமார் 90 மி.மீ. வாயுள்ள லென்ஸ் தொலைநோக்கி. இன்று புதியவர்கள் வாங்கும் சின்னத் தொலைநோக்கியும் கிட்டத்தட்ட அதே அளவுதான். ஆக, அவர் பார்த்ததை நீங்களும் பார்க்க முடியும். அவருக்குத் தெரியாத வண்ணச் சுருள்கள் உங்களுக்கும் தெரியாது. மங்கலான ஒரு திட்டுதான் தெரியும். அது தெரிந்தால் வெற்றி.

நாள் குறிப்பது

தினசரிக் காலண்டரை எடுத்து அமாவாசைகளை வட்டமிடுங்கள். அமாவாசைக்கு முன்னும் பின்னும் நான்கைந்து நாட்கள்தான் கேலக்ஸிகளுக்கு உரியவை. நிலா இருந்தால் கருவி எவ்வளவு பெரிதாக இருந்தாலும் பயனில்லை.

தமிழ்நாட்டில் ஒரு வசதி உண்டு. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து வானம் தெளிகிற ஜனவரி முதல் ஏப்ரல் வரையான மாதங்களில்தான் சிம்மம், கன்னி பகுதிகள் இரவில் மேலேறி வருகின்றன. பட்டியலின் கேலக்ஸிகள் பெரும்பாலும் அங்கேயும் சப்தரிஷி மண்டலத்தின் பக்கத்திலும்தான் இருக்கின்றன. பங்குனி உத்திரத்தன்று மட்டும் போகாதீர்கள். அன்று முழுநிலா உத்திர நட்சத்திரத்தின் அருகில், அதாவது கேலக்ஸிகள் மொய்க்கும் பகுதியின் வாசலிலேயே உட்கார்ந்திருக்கும். அதற்கு இரண்டு வாரம் முன்போ பின்போ வரும் அமாவாசை இரவு, வருடத்திலேயே மிகச் சிறந்தது.

கருவியும் கண்ணும்

10×50 பைனாகுலர் ஒன்று இருந்தால் முதல் நான்கைந்து கேலக்ஸிகளுக்குப் போதும். மீதிக்கு 6 அல்லது 8 அங்குல டாப்சோனியன், அதாவது எளிய தாங்கியில் வைத்துக் கையால் திருப்பும் கண்ணாடித் தொலைநோக்கி, நல்ல தேர்வு. மோட்டார், கணினி எல்லாம் வேண்டாம் என்பேன். பணத்தைக் கண்ணாடியின் அகலத்தில் போடுங்கள். போனில் ஸ்டெல்லேரியம் என்ற வான்வரைபடச் செயலியைப் போட்டுக்கொண்டு அதில் சிவப்புத் திரையை இயக்கிவிடுங்கள்.

இருட்டில் கண் பழக இருபது முப்பது நிமிடம் ஆகும். நடுவில் யாராவது போனை எடுத்து வாட்ஸ்அப் பார்த்தால் மறுபடி முதலிலிருந்து. மெசியே எம்83 பற்றி எழுதும்போது, தொலைநோக்கிக்குள் இருக்கும் அளவுக்கம்பிகளைப் பார்க்க லேசாக வெளிச்சம் காட்டினாலே அது மறைந்துவிடுகிறது என்று குறைப்பட்டிருக்கிறார். மின்விளக்கே இல்லாத காலத்தில் அவர் நிலை அது.

அப்புறம், பொருளை நேராக முறைக்காதீர்கள். பார்வையைச் சற்று ஓரமாக வைத்துக்கொண்டு கவனத்தை மட்டும் அதன்மேல் வையுங்கள். விழித்திரையின் மையத்தைவிட ஓரப் பகுதிதான் மங்கல் வெளிச்சத்தை நன்றாக உணரும். சந்தேகமாக இருந்தால் தொலைநோக்கிக் குழாயை விரலால் லேசாகத் தட்டுங்கள். அசைகிற மங்கல் சட்டென்று கண்ணில் படும்.

வானத்தில் தூரம் அளக்கக் கையே போதும். கையை நீட்டிப் பிடித்தால் சுண்டுவிரல் 1 டிகிரி, நடு மூன்று விரல்கள் சேர்ந்து 5, மூடிய முஷ்டி 10.

முதல் இரவு: எம்31, அதன் துணைகள், எம்33

ஜனவரி நடுவில், இரவு 7 மணிக்கு, வடமேற்கு வானம். பெகாசஸ் சதுரத்தைக் கண்டுபிடியுங்கள். பூரட்டாதி, உத்திரட்டாதி என்று நாம் சொல்லும் நட்சத்திரங்கள்தான் அதன் நான்கு மூலைகள். வடகிழக்கு மூலை விண்மீனிலிருந்து வடகிழக்காக இரண்டு விண்மீன் தள்ளிப் போனால் மிராக். அங்கே திரும்பி, வடமேற்காக இரண்டு சிறிய விண்மீன்கள் ஏறினால், இரண்டாவதன் பக்கத்திலேயே எம்31, ஆண்ட்ரோமீடா கேலக்ஸி. நல்ல இருட்டில் வெறும் கண்ணுக்கே தெரியும். 25 லட்சம் ஒளியாண்டு தூரம்.

இதை இஸ்ஃபஹானில் இருந்த பாரசீக வானியலாளர் அல்-சூஃபி 964-ல் தன் நூலில் சிறு மேகம் என்று குறித்திருக்கிறார். தொலைநோக்கியில் முதலில் பார்த்தெழுதியவர் ஜெர்மனியின் சைமன் மாரியஸ், 1612-ல். மெழுகுவத்தியின் ஒளியைக் கொம்புத் தகடு வழியாகப் பார்ப்பதுபோல் இருக்கிறது என்றார். நானூறு வருடம் கழித்தும் அதைவிடப் பொருத்தமாக யாரும் சொல்லவில்லை என்பது என் கட்சி.

எம்31 கிடைத்ததும் அதன் மையத்துக்குச் சற்றுத் தெற்கே, குவியம் சரியாக இல்லாத விண்மீன் மாதிரி ஒன்று தெரிகிறதா பாருங்கள். அது எம்32. 1749-ல் கண்டுபிடித்தவர் கியோம் லெ ஜென்டி. இந்த மனிதரை நாம் தெரிந்துவைத்திருக்க வேண்டும். வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைப் பார்க்க இவர் புறப்பட்டு வந்தது புதுச்சேரிக்கு. 1761-ல் ஊர் ஆங்கிலேயர் வசம் போய்விட்டதால் நடுக்கடலில் கப்பலில் இருந்தபடி கோட்டைவிட்டார். சரி என்று அடுத்ததற்காகக் கீழைக் கடல்களிலேயே தங்கி, 1769 ஜூனில் புதுச்சேரியில் கருவியோடு காத்திருந்தால், சரியாக அந்தக் காலையில் மேகம் மூடிவிட்டது. 1771-ல் ஊர் திரும்பியபோது அவர் செத்துவிட்டதாகவே அங்கே முடிவு கட்டியிருந்தார்கள். அந்த அலைச்சலுக்கு நடுவில், கிரகணத்தைக் கணிக்கும் உள்ளூர் முறையைத் தமிழர் ஒருவரிடம் கற்று அதையும் எழுதிவைத்திருக்கிறார்.

எம்31-இன் மறுபக்கம், வடமேற்கே, எம்110. மெசியே இதை 1773-ல் பார்த்துப் படமும் வரைந்தார். பட்டியலில் மட்டும் சேர்க்கவில்லை. பத்து வருடம் கழித்து கரோலின் ஹெர்ஷல் தனியாகவே இதைக் கண்டுபிடித்தார். எம்32 சிறியது, பளிச்சென்று இருக்கும். எம்110 பெரியது, பரவி மங்கிக் கிடக்கும். முதல் நாளில் எம்110 கிடைக்காவிட்டால் விட்டுவிடுங்கள்.

எம்33-க்கு மிராக்குக்குத் திரும்பி வந்து, எம்31 இருந்த தூரம் அளவுக்கு எதிர்த்திசையில் போங்கள். புத்தகத்தில் இதன் பிரகாசம் 5.7 என்று போட்டிருக்கும் (இந்த எண் குறையக் குறையப் பிரகாசம் அதிகம்). அதை நம்பி ஏமாறுபவர்கள் அதிகம். அந்த வெளிச்சம் முழுவதும் முழுநிலாவைவிட அகலமான பரப்பில் பரவியிருக்கிறது. அதனால் தொலைநோக்கியில் உருப்பெருக்கம் கூட்டக் கூட்டக் காணாமல் போகும். பைனாகுலரில்தான் நன்றாகத் தெரியும். எந்தக் கேலக்ஸிக்கும் எண்ணை மட்டும் பார்க்காமல், அது எவ்வளவு அகலம் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

மார்ச்: வடக்கு நோக்கி

1774-ஆம் வருடத்தின் கடைசி நாள், டிசம்பர் 31, பெர்லினில் யோஹான் போடே ஒரே பகுதியில் இரண்டு கேலக்ஸிகளைப் பிடித்தார்: எம்81, எம்82. மார்ச் மாத இரவு 10 மணிவாக்கில் சப்தரிஷி மண்டலம் வடகிழக்கில் நன்றாக ஏறியிருக்கும். அகப்பைப் பாத்திரத்தின் கைப்பிடிப் பக்கத்துக் கீழ்மூலை விண்மீன் புலஸ்தியர். எதிர் மேல்மூலை கிரது. புலஸ்தியரிலிருந்து கிரதுவுக்குக் கோடு போட்டு, அதே நீளம் மேலும் நீட்டுங்கள். குறைந்த உருப்பெருக்கத்தில் இரண்டும் ஒரே காட்சியில் விழும். எம்81 முட்டை வடிவம், எம்82 குச்சி மாதிரி. இரண்டுமே சுமார் 1.2 கோடி ஒளியாண்டு தூரம். நம் ஊரிலிருந்து இவை அதிகம் உயர்வதில்லை. சென்னையில் 34 டிகிரிதான், கன்னியாகுமரியில் இன்னும் கீழே. வடக்கே ஊர் வெளிச்சம் இல்லாத இடமாகத் தேர்ந்தெடுங்கள்.

எம்51 இதற்கு ஒரு வருடம் முந்தியது. 1773 அக்டோபர் 13-ல் வால்மீன் ஒன்றைத் தொடர்ந்துகொண்டிருந்த மெசியே இதைக் கண்டார். ஆனால் இது இரவில் தாமதமாகத்தான் உயரும் என்பதால் ஏப்ரல், மே வரை பொறுக்கலாம். சப்தரிஷியின் வால்நுனியில் இருக்கும் மரீசியிலிருந்து தென்மேற்கே மூன்றரை டிகிரி. வடக்கு நோக்கி நிற்கும்போது, மண்டலம் துருவத்துக்கு மேலே இருக்கும் நேரத்தில், தென்மேற்கு என்பது மேலே இடப்பக்கம் என்பதை மறக்காதீர்கள். புதியவர்கள் வழக்கமாகத் தடுமாறும் இடம் இது. தெரிவது இரண்டு மங்கல் திட்டுகள், ஒன்று பெரிது, ஒன்று சிறிது. சிறியதை மெஷான் 1781-ல் பார்த்தார். சுருள் வடிவம் தெரியவில்லையே என்று வருந்த வேண்டாம். அதை முதலில் பார்த்தவர் அயர்லாந்தின் ராஸ் பிரபு, 1845-ல், 72 அங்குலக் கண்ணாடியில்.

சிம்மத்தின் எம்65, எம்66 இரண்டும் 1780 மார்ச் 1 அன்று மெசியேவுக்குக் கிடைத்தவை. பூர நட்சத்திரத்தின் இரண்டு விண்மீன்களில் தெற்கே உள்ளதற்கும், அதற்குக் கீழே இருக்கும் அயோட்டா என்ற விண்மீனுக்கும் நடுவில் தொலைநோக்கியை வைத்தாலே போதும். இதைவிட எளிதான இரட்டை வேறில்லை.

ஏப்ரல்: கன்னிக் கூட்டத்துக்குள்

இங்கேதான் பலர் தொலைந்துபோகிறார்கள். விண்மீன்கள் குறைவு, கேலக்ஸிகள் அதிகம். எது எதுவென்று தெரியாது. ஆகவே வழியை மாற்றாமல் போங்கள்.

1779-ல் ஒரு வால்மீன் இந்தப் பகுதி வழியாகப் போனது. அதைப் பின்தொடர்ந்த ஒவ்வொருவரும் கேலக்ஸிகளில் இடறினார்கள். டிரெஸ்டனில் கோலர் ஏப்ரல் 11-ல் எம்59, எம்60 இரண்டையும் பார்த்தார். நான்கு நாள் கழித்து மெசியேவும் அவற்றைப் பார்த்து, கூடவே எம்58-ஐயும் பிடித்தார். மே 5-ல் மிலானில் ஓரியானி எம்61-ஐக் கண்டார். அதே இரவு மெசியேவும் எம்61-ஐப் பார்த்தார். ஆனால் அதையே வால்மீன் என்று நினைத்துவிட்டார். மே 11-ல் அது நகரவே இல்லை என்று தெரிந்தபோதுதான் புரிந்தது. வால்மீன் வேட்டையில் பழம் தின்று கொட்டை போட்டவருக்கே இந்தக் கதி.

நீங்களும் அந்த 1779 பக்கத்திலிருந்தே நுழையுங்கள். கன்னியின் வடகோடியில் இருக்கும் விண்டெமியாட்ரிக்ஸ் விண்மீனைத் தொலைநோக்கியில் கொண்டுவந்து, குறைந்த உருப்பெருக்கத்தில் மேற்கே நகர்த்துங்கள். மேற்கு எது என்று குழப்பமா? கருவியிலிருந்து கையை எடுத்துவிடுங்கள். விண்மீன்கள் எந்தப் பக்கமாகக் காட்சியை விட்டு ஓடுகின்றனவோ அதுதான் மேற்கு.

நாலரை டிகிரியில் எம்60, பளிச்சென்ற உருண்டை. அதே காட்சியில் இன்னும் மேற்கே, சற்று மங்கலாக எம்59. மேலும் ஒரு டிகிரி போனால் எம்58. அதிலிருந்து வடமேற்கே ஒரு டிகிரிக்குள் எம்89, அதற்குச் சற்று வடக்கே நீண்ட எம்90. எம்89-க்கு மேற்கே ஒரு டிகிரிக்கு மேல் போனால் எம்87. அதையும் தாண்டி ஒன்றேகால் டிகிரி வடமேற்கில் எம்86, எம்84 இரண்டும் ஒன்றையொன்று பார்த்தபடி நிற்கும். எம்60, எம்59 தவிர, எம்58-க்குப் பிறகு சொன்ன எல்லாவற்றையும் மெசியே ஒரே இரவில், 1781 மார்ச் 18-ல், கண்டுபிடித்தார். எம்88-உம் எம்91-உம் அதே இரவின் அறுவடைதான். ஒவ்வொரு கேலக்ஸியிலும் நின்று, பக்கத்து விண்மீன்களோடு ஒரு சின்னப் படம் வரைந்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள். வரையாமல் ஓடினால் திரும்பி வரும்போது எதுவும் நினைவிருக்காது.

வழி தவறிவிட்டால் இன்னொரு வாசல் இருக்கிறது: உத்திரத்துக்கும் விண்டெமியாட்ரிக்ஸுக்கும் நேர்கோடு போட்டால், சரிபாதியில் எம்84-உம் எம்86-உம்.

சென்னைக்காரர்களுக்கு ஒரு தொல்லை. இந்த இரண்டும் உங்கள் தலைக்கு நேர் உச்சியில் கடக்கின்றன, ஏப்ரல் நடுவில் இரவு 11 மணியளவில். வானம் அங்கேதான் தெளிவு. ஆனால் டாப்சோனியனை உச்சியில் திருப்புவது பெரும்பாடு. ஒரு மணி நேரம் முன்போ பின்போ பாருங்கள்.

எம்87-இல் கொஞ்ச நேரம் நில்லுங்கள். 1918-ல் ஹீபர் கர்டிஸ் இதன் மையத்திலிருந்து நேராக ஓர் ஒளிக்கீற்று நீள்வதைப் புகைப்படத்தில் பார்த்தார். 2019 ஏப்ரல் 10-ல் வெளியான முதல் கருந்துளைப் படம் இதன் நடுவில் இருப்பதுதான். சூரியனைப்போல் சுமார் 650 கோடி மடங்கு நிறை. உங்களுக்குத் தெரிவது வட்டமான ஒரு மங்கல் மட்டும், சுமார் 5½ கோடி வருடம் முன்பு கிளம்பிய வெளிச்சம்.

எம்91 ஒரு தனிக்கதை. மெசியே சொன்ன இடத்தில் எதுவுமே இல்லாததால் வெகுகாலம் அது தொலைந்த பொருளாகவே கிடந்தது. எம்89-இலிருந்து அளந்துவிட்டு, எம்58-இலிருந்து அளந்ததாக அவர் கணக்குப் போட்டிருக்கிறார் என்று 1969-ல் டெக்சாஸ்காரர் வில்லியம்ஸ் அவிழ்த்தார். நீங்கள் எம்89-க்கு நேர் வடக்கே 2 டிகிரி போங்கள், இருக்கும். 6 அங்குலத்தில் கஷ்டம்தான்.

மே: தெற்கே நமக்குக் கிடைத்த சலுகை

எம்104, சோம்ப்ரெரோ. சித்திரை நட்சத்திரத்துக்கு நேர் மேற்கே 11 டிகிரி, அதாவது ஒரு முஷ்டிக்குச் சற்று அதிகம். அஸ்த மண்டலத்தின் வடகிழக்கு மூலை விண்மீனிலிருந்து வடக்கே ஐந்தரை டிகிரி என்றும் வரலாம். மெஷான் 1781 மே 11-ல் கண்டது. மெசியே தன் பிரதியில் கையால் எழுதிவைத்திருந்தார். அதைப் பார்த்து ஃபிளமரியோன் 1921-ல் பட்டியலில் சேர்த்தார்.

எம்83 தான் வரிசையில் நாம் தள்ளிவைத்தது. ஆண்ட்ரோமீடா, எம்33 போன்ற பக்கத்து வீட்டுக் கேலக்ஸிகளைத் தாண்டி, மனிதர் கண்ட முதல் கேலக்ஸி இது. தென்னாப்பிரிக்காவின் நன்னம்பிக்கை முனையில் பிரெஞ்சு வானியலாளர் லக்காய் 1752-ல் வெறும் அரை அங்குல வாயுள்ள கருவியில் பார்த்தார். பாரிஸில் மெசியேவுக்கு இது அடிவானத்திலிருந்து 11 டிகிரிக்கு மேல் ஏறாது. மதுரையில் 50 டிகிரி வரை ஏறுகிறது. ஜவ்வாது மலையில் காவலூர் ஆய்வகம் அமைந்ததற்கும் தென்வானம் இப்படி எட்டுவது ஒரு காரணம். மே நடுவில் இரவு 10 மணிக்குச் சித்திரையிலிருந்து நேர் தெற்கே 12 டிகிரி இறங்கினால் காமா ஹைட்ரே என்ற விண்மீன். மேலும் 8 டிகிரி, கொஞ்சம் கிழக்கே சாய்ந்து இறங்கினால் எம்83. நல்ல இருட்டில் பைனாகுலரிலேயே தெரியும்.

மிச்சம்

பட்டியலின் கேலக்ஸிகளில் பதினைந்துக்கும் மேல் மெஷான் முதலில் கண்டவை. அவற்றில் பெரும்பாலானவை மங்கல். எம்63, எம்94, எம்106 எளிது. எம்95, எம்96, எம்105 மூன்றும் சிம்மத்தின் வயிற்றுக்குக் கீழே ஒன்றாகக் கிடக்கும். எம்98, எம்101 இரண்டுக்கும் மலைமேல் இருட்டு வேண்டும். எம்74 எல்லாவற்றிலும் மோசம்; அதை மழை ஓய்ந்த டிசம்பர் இரவுகளுக்கு வைத்துக்கொள்ளுங்கள். மார்ச் கடைசியில் மொத்தப் பட்டியலையும் ஒரே இரவில் முடிக்க ஓடுபவர்களுக்கு முதலில் கைநழுவுவது இதுதான், அந்தி வெளிச்சத்தில் மூழ்கிவிடும்.

கடைசியில் எம்102. மெஷான் இதைச் சொன்னார், பிறகு 1783-ல் ஒரு கடிதத்தில் அது எம்101-ஐயே இரண்டாவது தடவை எண்ணிவிட்ட தவறு என்றார். சிலர் அதை ஒப்புக்கொள்வதில்லை. டிராகோ மண்டலத்தின் என்.ஜி.சி. 5866 (என்.ஜி.சி. என்பது வேறொரு பெரிய வான்பொருள் பட்டியல்) தான் எம்102 என்கிறார்கள். ஜூன் மாத முன்னிரவில் அயோட்டா டிராகோனிஸ் விண்மீனுக்குத் தென்மேற்கே 4 டிகிரியில் அதுவும் கிடைக்கும், ஊசி மாதிரி ஒல்லியாக. பார்த்துவிட்டு உங்கள் நோட்டில் 39 என்று எழுதுவதா, 40 என்று எழுதுவதா என்பதை நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். நான் 40 கட்சி.